காவலர் மகன் இராசேந்திரன்

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி. கணித மாணவன் எழுதியது)

தில்லை என்றதும் கூத்தன் நினைவுக்கு வருவான். சிதம்பரம் என்றதும் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் நினைவுக்கு வரும். ஊரின் நடுவே ஆடல்வல்லானின் பொன்னம்பலம். இருப்புப் பாதைக்குக் கிழக்கே அறிவுக்கு ஓர் அம்பலம். அரசர்க்கும் அறிஞர்க்கும் தலைவர்க்கும் சிலைகள் வைப்பது நம் நாட்டு வழக்கம். பட்டம் பெறாமலே மாண்டுபோன ஒரு மாணவனுக்குச் சிலை வைத்திருப்பதை நான் அண்ணாமலை நகரில்தான் முதன்முதலாகக் கண்டேன்.

அச்சிலைக்கு உரியவர் இராசேந்திரன். 1965ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 27ஆம் நாள், இந்தித் திணிப்பை எதிர்த்து மாணவர்கள் நடத்திய போராட்டத்தில், போலீசாரின் துப்பாக்கிக் குண்டுக்கு இரையானவர். ஆண்டுதோறும் சனவரி 25ஆம் நாள் மொழிப்போர் ஈகியர் நாளன்று மேடைதோறும் அவர் பெயர் சொல்லப்படுகிறது. சின்னசாமி, சிவலிங்கம், அரங்கநாதன் என்று வரிசையாகப் பெயர்களைச் சொல்லும்போது அவர் பெயரும் வந்துபோகும். வந்துபோகும் அந்த ஒரு நொடியைச் சற்றே நிறுத்தி வைத்து எழுத வேண்டும் என்பதே என் ஆசை. நம் மாவட்டத்து மலர்களில் பாப்பாரப்பட்டியில் உயிர் நீத்த சுப்பிரமணிய சிவாவைப் பற்றி எழுதுவோர் பலர் உண்டு. அதனால் இம்முறை சற்றுத் தொலைவிலிருந்து ஒருவரை அழைத்து வந்திருக்கிறேன். தோழர்கள் பொறுத்தருள்க.

இராசேந்திரன் சிவகங்கையைச் சேர்ந்தவர். வேலுநாச்சியாரும் மருது சகோதரர்களும் வெள்ளையரை எதிர்த்து நின்ற சீமை அது. மருதிருவர் 1801இல் திருப்பத்தூரில் தூக்கிலிடப்பட்ட கதையைச் சிவகங்கைப் பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் சொல்லித்தர வேண்டியதில்லை, திண்ணையே சொல்லித்தரும். அன்று சிவகங்கை இராமநாதபுரம் மாவட்டத்தில் இருந்தது. வானம் பார்த்த பூமி. மழை பொய்த்தால் கண்மாய் வறளும். கண்மாய் வறண்டால் வீடு வறளும். நம் பென்னாகரம் பக்கத்து மக்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

அவருடைய தந்தை காவல்துறையில் பணியாற்றியவர். இந்த ஒரு செய்திதான் என்னைப் பல நாள் உறங்கவிடாமல் செய்தது. காக்கிச் சட்டையின் சம்பளத்தில் வளர்ந்த பிள்ளை, காக்கிச் சட்டையின் குண்டுக்கு மாண்டான். இதில் யார் மீது நோவது என்று எனக்கு விளங்கவில்லை.

அக்காலத்தில் ஒரு காவலரின் மகன் பல்கலைக்கழகம் செல்வது எத்துணைப் பெரிய செயல் என்பதை நாம் எண்ணிப் பார்க்க வேண்டும். பதினோராம் வகுப்பை முடித்து, புகுமுக வகுப்பு என்று ஓராண்டு படித்து, அதன்பின் மூன்றாண்டு பட்டப்படிப்பு. காமராசர் ஆட்சியில் சிற்றூர்கள்தோறும் பள்ளிகள் திறக்கப்பட்டன; மதிய உணவு கிடைத்தது. அதன் பயனாக உழவர் வீட்டிலும் நெசவாளர் வீட்டிலும் காவலர் வீட்டிலும் முதன்முதலாக ஒரு பிள்ளை கல்லூரி வாசலை மிதித்தான். 1960களின் கல்லூரிகளை நிரப்பியவர்கள் இத்தகைய பிள்ளைகளே. அதாவது, நம்மைப் போன்றவர்கள். என் வீட்டில் எனக்கு முன் கல்லூரிக்குப் போனவர் எவரும் இல்லை. விண்ணப்பப் படிவத்தில் பெற்றோர் கல்வித் தகுதி என்ற கட்டத்தில் எதை எழுதுவது என்று தெரியாமல் நான் கோடு போட்டுவிட்டு வந்தவன். ஆகவே அந்தப் பிள்ளைகளின் அச்சமும் ஆசையும் எனக்கு ஓரளவு புரிகிறது.

மொழிச் சிக்கல் அவர்களைச் சுட்டது ஏன் என்பதும் இங்கேதான் விளங்கும். 1950 சனவரி 26இல் நடைமுறைக்கு வந்த அரசியல் சட்டம், நடுவண் அரசின் ஆட்சிமொழி இந்தி என்றும், பதினைந்து ஆண்டுகள் வரை ஆங்கிலமும் இருக்கும் என்றும் வகுத்தது. அந்தக் கெடு 1965 சனவரி 26இல் முடிந்தது. இந்தி பேசாத மக்கள் விரும்பும்வரை ஆங்கிலம் நீடிக்கும் என்று நேரு 1959இல் நாடாளுமன்றத்தில் உறுதி கூறியிருந்தார். ஆனால் 1963இல் வந்த ஆட்சிமொழிச் சட்டத்தில் ஆங்கிலம் தொடரலாம் என்றுதான் இருந்தது. தொடரும் என்று இல்லை. ஒரு சொல்தான் வேறுபாடு. கணிதம் படிப்பவனுக்குத் தெரியும், ஒரு குறி மாறினால் விடை முழுவதும் மாறிவிடும் என்று. 1964 மே 27இல் நேருவும் மறைந்தார். நடுவண் அரசுப் பணித் தேர்வுகள் இந்தியில் நடந்தால், தாய்மொழியாகவே இந்தியைப் பெற்றவனோடு சிவகங்கைக் காவலர் மகன் எப்படிப் போட்டியிடுவான்? மொழிப்பற்று ஒருபுறம் இருக்க, சோற்றுக் கேள்வியும் அதில் இருந்தது. மேடைகளில் முதலாவதை மட்டும் சொல்கிறார்கள். இரண்டாவதைச் சொன்னால் பெருமை குறைந்துவிடும் என்று அஞ்சுகிறார்கள் போலும். எனக்கு அப்படித் தோன்றவில்லை.

இராசேந்திரன் சென்று சேர்ந்த பல்கலைக்கழகம் சாதாரணமானதன்று. 1929இல் அண்ணாமலைச் செட்டியாரால் தோற்றுவிக்கப்பட்டது. மாணவர்கள் அங்கேயே தங்கிப் படிக்கும் உறைவிடப் பல்கலைக்கழகம். ஒரே வளாகத்தில் ஆயிரக்கணக்கான இளைஞர்கள் உண்டு உறங்கி வாதிட்டு வளர்ந்தால் அங்கே புதிய எண்ணங்கள் பிறவாமல் இருக்குமோ? நெடுஞ்செழியனும் அன்பழகனும் அங்கே பயின்றவர்கள்தாம்.

போரை எதிர்த்து மாணவர் கிளர்ந்ததும் அந்த வளாகத்தில் உண்டு. 1939 செப்டம்பரில் இந்திய மக்களைக் கேளாமலே வைசிராய் லின்லித்கோ இந்தியாவை உலகப் போரில் இழுத்துவிட்டார். அந்தப் போருக்கு ஆளும் பொருளும் தரக்கூடாது என்ற குரல் மாணவரிடையே எழுந்தது. அண்ணாமலையில் பயின்ற உமாநாத் 1940இல் சென்னைச் சதி வழக்கில் கைதானார். பாலதண்டாயுதமும் அவ்வளாகம் ஈன்ற போராளியே. அண்ணாமலை மாணவர்கள் கைது செய்யப்பட்டதைக் கண்டித்து மதுரை அமெரிக்கன் கல்லூரியில் குரல் கொடுத்த சங்கரய்யா, 1941 பிப்ரவரியில், இறுதித் தேர்வுக்குப் பதினைந்து நாள் இருக்கும்போது சிறை சென்றார். அதன்பின் அவர் பட்டம் பெறவே இல்லை. நூறு வயது கடந்து வாழ்ந்து 2023இல் மறைந்த அப்பெரியவருக்கு மதிப்புறு முனைவர் பட்டம் தர மதுரைப் பல்கலைக்கழகம் முன்வந்தபோதும் அது கைகூடவில்லை. தேர்வுக்குப் பதினைந்து நாள் என்பதைப் படித்தபோது என் வயிற்றில் ஏதோ செய்தது. நம்மில் யாருக்குத்தான் செய்யாது!

இத்தகைய வளாகத்தில்தான் 1965 சனவரி பிறந்தது.

குடியரசு நாளைத் துக்க நாளாகக் கொள்வதென்று திராவிட முன்னேற்றக் கழகம் அறிவித்தது. முதலமைச்சர் பக்தவத்சலத்தின் அரசு கடுமை காட்டியது. சனவரி 25 இரவில் அண்ணாதுரை உள்ளிட்ட தலைவர்கள் சிறைபிடிக்கப்பட்டனர். ஆனால் அதற்குள் போராட்டம் தலைவர்களின் கையைவிட்டு மாணவர்களின் கைக்கு வந்துவிட்டிருந்தது. 25ஆம் நாளே மதுரையில் மாணவர் ஊர்வலம் புறப்பட்டது. தியாகராசர் கல்லூரி மாணவர்களான காளிமுத்துவும் காமராசனும் அரசியல் சட்டத்தின் மொழிப் பகுதியைக் கொளுத்திக் கைதாயினர். ஊர்வலத்தில் மோதல் மூண்டது, மாணவர்கள் வெட்டுப்பட்டனர். செய்தி தீயாய்ப் பரவியது. 26ஆம் நாள் சென்னைக் கோடம்பாக்கத்தில் சிவலிங்கமும், 27ஆம் நாள் விருகம்பாக்கத்தில் அரங்கநாதனும் தீக்கிரையாயினர்.

அதே 27ஆம் நாள். அண்ணாமலை நகர். மாணவர்கள் திரண்டனர். கையில் இருந்தது கொடியும் முழக்கமும். எதிரே போலீசார் நின்றனர். துப்பாக்கி வெடித்தது. சிவகங்கை இராசேந்திரன் வீழ்ந்தார். அந்தோ! இருபது வயதைத் தொடாத இளந்தளிர்.

இவ்வளவுதான் நடந்தது. சில நிமிடங்களில் நடந்து முடிந்த செயலை நீட்டி எழுத எனக்கு மனமில்லை. குண்டு பாய்ந்த இடத்தையும் சிந்திய குருதியையும் அலங்காரமாக வருணிக்கும் கட்டுரைகளைப் படித்திருக்கிறேன். அவற்றை எழுதியவர்கள் தம் பிள்ளையைப் பற்றி அப்படி எழுதுவார்களா?

ஒன்றை மட்டும் வற்புறுத்திச் சொல்ல வேண்டும். இராசேந்திரன் சாகப் போனவர் அல்லர். கீழப்பழுவூர்ச் சின்னசாமி 1964 சனவரி 25இல் திருச்சியில் தன்னையே எரித்துக்கொண்டார். மயிலாடுதுறை மாணவர் சாரங்கபாணி 1965 மார்ச்சில் அவ்வாறே செய்தார். அவர்களுடைய உணர்ச்சியை நான் வணங்குகிறேன். ஆனால் தன் உயிரைத் தானே அழித்துக்கொள்வதை என்னால் ஏற்க முடியவில்லை. இருந்து போராட வேண்டியவர்கள் அல்லவா அவர்கள்! இராசேந்திரன் கதை வேறு. ஊர்வலம் முடிந்தால் விடுதிக்குத் திரும்பி, உணவுக்கூடத்தில் தட்டேந்தி வரிசையில் நின்று, மறுநாள் பாடத்தைப் புரட்டியிருக்க வேண்டிய பிள்ளை. உயிரைக் கொடுத்தார் என்று நாம் எழுதுகிறோம். உயிர் எடுக்கப்பட்டது என்று எழுதுவதே சரி. கொடுத்தார் என்று சொல்லும்போது எடுத்தவன் மறைந்துபோகிறான்.

அந்தச் சாவு போராட்டத்தை அணைக்கவில்லை. கல்லூரிகள் மூடப்பட்டன. மூடினால் அடங்கும் என்று அரசு எண்ணியது போலும். விடுதிகளிலிருந்து வீடு திரும்பிய மாணவர்கள் ஊர்தோறும் செய்தியைச் சுமந்து சென்றனர். பிப்ரவரியில் தமிழகமே கொந்தளித்தது. இரயில் நிலையங்கள் எரிந்தன. படை வரவழைக்கப்பட்டது. பிப்ரவரி 12இல் பொள்ளாச்சியில் படையினர் சுட்டனர். அரசுக் கணக்கின்படியே ஏறத்தாழ 70 பேர் மாண்டனர். மக்கள் சொல்லும் கணக்கு அதனினும் மிகுதி.

இங்கே மறைக்கக் கூடாத ஒன்றும் உண்டு. திருப்பூரில் கூட்டத்தினர் இரண்டு காவல் உதவி ஆய்வாளர்களை உயிரோடு எரித்துக் கொன்றனர். மொழிப்போர் வரலாற்றை எழுதுவோர் பலர் இதை அடிக்குறிப்பில்கூடச் சேர்ப்பதில்லை. இராசேந்திரனின் தந்தை அணிந்ததும் அதே காக்கிதான். அவ்விருவர் வீட்டிலும் பிள்ளைகள் இருந்திருக்கலாம். அவர்களும் கல்லூரிக் கனவு கண்டிருக்கலாம். இந்த ஊரில் வாழும் நாம் இதைப் பேசாமல் இருக்க முடியாது. 2000ஆம் ஆண்டு பிப்ரவரி 2ஆம் நாள், ஓர் அரசியல் தலைவர்மீது வந்த தீர்ப்பை எதிர்த்துப் போராட்டம் என்ற பெயரில், நம் தருமபுரி இலக்கியம்பட்டியில் வேளாண் பல்கலைக்கழகப் பேருந்துக்குத் தீ வைத்தார்கள். கல்விச் சுற்றுலா வந்த மூன்று மாணவிகள் வெந்து மாண்டார்கள். அப்போது நான் பிறந்திருக்கவில்லை. ஆனால் அவ்விடத்தைக் கடக்கும்போது பேருந்தில் பேச்சு நின்றுபோவதைச் சிறுவயதில் கவனித்திருக்கிறேன். கிளர்ச்சி என்னும் சொல்லுக்கு எங்கள் ஊரில் இரண்டு பொருள் உண்டு.

மீண்டும் 1965க்கு வருவோம். நடுவண் அமைச்சர்களான சி. சுப்பிரமணியமும் ஓ. வி. அழகேசனும் பதவி விலகல் கடிதம் கொடுத்தனர். பிப்ரவரி 11இல் பிரதமர் லால்பகதூர் சாஸ்திரி வானொலியில் பேசி, நேருவின் உறுதிமொழி காக்கப்படும் என்றார். 1967 தேர்தலில் ஆட்சி மாறியது. விருதுநகரில் மாணவர் தலைவர் சீனிவாசன், பெருந்தலைவர் காமராசரை 1,285 வாக்குகளில் வென்றார். பிள்ளைகளுக்குப் பள்ளி திறந்தவரைப் படித்த பிள்ளையே தோற்கடித்தது காலத்தின் கோலம் என்று என் தமிழாசிரியர் வருந்துவதுண்டு. நாடாளுமன்றம் ஆட்சிமொழித் திருத்தச் சட்டத்தை நிறைவேற்றியது. இந்தி பேசாத மாநிலங்கள் வேண்டாம் என்று தீர்மானிக்கும்வரை ஆங்கிலம் நிலைபெற்றது. 1968 சனவரி 23இல் அண்ணா ஆட்சியில் இருமொழிக் கொள்கை தமிழகச் சட்டமன்றத்தில் நிறைவேறியது. இன்று நான் தமிழும் ஆங்கிலமும் மட்டும் படித்து இங்கே வந்து அமர்ந்திருப்பதற்கு அந்தத் தீர்மானமே காரணம். நம் தருமபுரி மாவட்டமும் அந்த 1965ஆம் ஆண்டு அக்டோபர் 2இல்தான் சேலத்திலிருந்து பிரிந்து பிறந்தது என்பது ஒரு சிறு செய்தி.

கடல் கடந்த நாட்டிலும் இத்தகைய கதை உண்டு. அமெரிக்காவில் ஓகையோ மாநிலத்துக் கெண்ட் பல்கலைக்கழகத்தில், 1970 மே 4ஆம் நாள், வியத்நாம் போரைக் கம்போடியாவுக்கும் விரித்ததை எதிர்த்து மாணவர்கள் கூடினர். தேசியக் காவற்படையினர் பதின்மூன்று நொடிகளில் அறுபதுக்கு மேற்பட்ட குண்டுகளைச் சுட்டனர். நால்வர் மாண்டனர், ஒன்பதின்மர் காயமுற்றனர். மாண்டவருள் வில்லியம் சுரோடர் என்பவர் படைப்பயிற்சி உதவித்தொகை பெற்றுப் படித்தவர். பிற்காலத்தில் படை அதிகாரி ஆக வேண்டியவர். அன்று அவர் போராடவும் இல்லை. படைக்குச் செல்லவிருந்த பிள்ளையைப் படையே சுட்டது. காவலர் மகனைக் காவலரே சுட்டது போல. கெண்டில் மாணவரைச் சுட்ட படையினரில் பலரும் மாணவர் வயதினரே. துப்பாக்கிக்கு அப்பாலும் இப்பாலும் ஒரே வயது. அன்று மேலும் உயிர்கள் போகாமல் காத்தவர்களுள் ஒருவர் கிளென் பிராங்க் என்னும் நிலவியல் பேராசிரியர். மாணவர்களைக் கலைந்து செல்லுமாறு அழுதவாறே மன்றாடினார். இத்தகைய ஆசிரியர் ஒருவர் எல்லா வளாகத்திலும் இருத்தல் வேண்டும்.

இதையெல்லாம் நூலகத்தில் படித்துவிட்டுப் பொங்கலுக்கு ஊருக்குப் போயிருந்தேன். என் பெரியப்பா மகன் ஆயுதப்படைக் காவலர். எனக்கு ஆறு வயது மூத்தவர். பன்னிரண்டாம் வகுப்பு முடித்து, அதிகாலையில் ஏரிக்கரையில் ஓடி ஓடிப் பழகித் தேர்வானவர். எனக்கு முதலாண்டுக் கட்டணம் கட்டியவரும் அவரே. மாட்டுப் பொங்கலன்று கொட்டகையில் மாட்டுக்கு வண்ணம் பூசிக்கொண்டிருந்தபோது இராசேந்திரன் கதையை அண்ணனுக்குச் சொன்னேன். பிறகு, எங்கள் கல்லூரி வாசலில் கலவரம் என்று அவரை நிறுத்தி, சுடச் சொல்லி ஆணை வந்தால் என்ன செய்வார் என்று கேட்டுவிட்டேன். கேட்டிருக்கக் கூடாது. அண்ணன் கொம்புக்கு நீலம் பூசி முடித்தார். தூரிகையைக் கழுவி வைத்தார். வேலையில் சேர்ந்த புதிதில் ஓர் ஊர்வலத்துக்குப் பாதுகாப்பாக நின்றபோது, காலையிலிருந்து மாலைவரை ஒரு வாய் தண்ணீர்கூட இல்லாமல் வெயிலில் நின்றதையும், எதிரே முழக்கமிட்ட கூட்டத்தில் தன்னோடு பள்ளியில் படித்த ஒருவனைக் கண்டதையும், அவன் தன்னைப் பார்த்தும் பாராததுபோல் முகம் திருப்பிக்கொண்டதையும் மட்டும் சொன்னார். என் கேள்விக்கு விடை அதில் இருந்ததா இல்லையா என்று இன்றும் எண்ணிக்கொண்டிருக்கிறேன்.

அதன்பின் ஒரு நாள் அப்பாவை அழைத்துக்கொண்டு சிதம்பரம் சென்றேன். அப்பா பெங்களூரில் கட்டட வேலை செய்பவர். நடராசரைக் காண வேண்டும் என்பது அவருடைய நெடுநாள் ஆசை. தரிசனம் முடிந்ததும், ஒரு சிலையைப் பார்க்க வேண்டும் என்று சொல்லி அண்ணாமலை நகருக்கு அழைத்துப் போனேன். வெயில் கடுமையாக இருந்தது. மாணவர்கள் மிதிவண்டியிலும் இருசக்கர வண்டியிலும் போய்க்கொண்டிருந்தார்கள். எவரும் சிலையை ஏறிட்டுப் பார்க்கவில்லை. நாள்தோறும் பார்ப்பவர்கள் எப்படிப் பார்ப்பார்கள்! அப்பா யார் என்று கேட்டார். சொன்னேன். போலீசுக்காரர் மகன் என்றதும் தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். நெடுநேரம் ஒன்றும் பேசவில்லை.

பேருந்து நிலையத்தில் தேநீர் குடிக்கும்போதுதான் வாய் திறந்தார். ஊர்வலம் என்று யார் அழைத்தாலும் போகக்கூடாது என்றார். நான் தலையை அசைக்கவில்லை. போவேன் என்றும் சொல்லவில்லை. அப்பா மீண்டும் வற்புறுத்தவும் இல்லை. என் கிளாசையும் வாங்கித் தன் கிளாசோடு சேர்த்துக் கடையில் வைத்துவிட்டுச் சேலம் பேருந்து எங்கே நிற்கிறது என்று விசாரிக்கப் போனார். சேலத்தில் வண்டி மாறி நள்ளிரவில் வீடு சேர்ந்தோம். மறுநாள் முதல் வகுப்பு இயற்கணிதம். தாமதமாகாமல் போய்ச் சேர்ந்தேன்.